சோதிக்காமல் விட்ட பை

பட்டாசு செய்கிற என் செட்டுக்குப் போக ஒரே ஒரு வண்டிப்பாதைதான். அது என் பெரியப்பா மகனுடைய கரிசக்காட்டை ஒட்டிப் போனது. பாகம் பிரித்த பத்திரத்தில் பாதை இருவருக்கும் பொது என்று எழுதியிருந்தது. அண்ணன் அந்த ஒரு வரியை மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை. அறுபதுகளின் தொடக்கத்தில், தீபாவளி சீசன் சூடுபிடித்த நேரம் பார்த்து, உடைமுள்ளை வெட்டிப் பாதையில் போட்டுவிட்டார். உள்ளே சரவெடி பெட்டி பெட்டியாகக் கிடந்தது.

முள்ளை இழுக்கப் போனேன். அண்ணன் வரப்பில் நின்றபடி சொன்னார்.

"ஏலே, வண்டி இங்கன வரட்டும். ஒரு குச்சி கிழிப்பேன். செட்டும் இருக்காது, நீயும் இருக்க மாட்ட."

அவர் சொல்லி முடிப்பதற்குள் நான் வீட்டில் இருந்தேன். ஒரு செருப்பு மட்டும் அவர் காட்டிலேயே தங்கிவிட்டது.

அதற்குப் பிறகு வேலிக்கு அந்தப் பக்கம் யாராவது இருமினால்கூட மணல் வாளியைத் தூக்கினேன். வீட்டிலிருந்த தீப்பெட்டிகளையெல்லாம் கிணற்றில் போட்டேன். ஊரெல்லாம் தீப்பெட்டி செய்கிற சீமையில் என் வீட்டுக்காரி பக்கத்து வீட்டில் நெருப்பு வாங்கி அடுப்பு மூட்டினாள். "அவுக கொளுத்துறதுக்கு முன்னாடி நீங்க பட்டினி போட்டே கொன்னுருவீக போலிருக்கு" என்றாள்.

கடைசியில் வக்கீலைப் பிடித்து, போலீஸ் பாதுகாப்புக் கேட்டு கோர்ட்டுக்குப் போனேன்.

"என்ன ஆயுதம் வைத்திருந்தார்?" என்று முன்சீப் கேட்டார்.

"தீப்பெட்டிங்கய்யா."

கோர்ட்டில் இருந்தவர்களில் பாதிப் பேர் தங்கள் மடியைத் தடவிக்கொண்டு சிரித்தார்கள். முன்சீப் சிரிக்கவில்லை. கேசு தீர்கிற மட்டும் பாதையை மறிக்கக் கூடாது, லோடு ஏற்றி முடியும்வரை போலீஸ் துணை நிற்க வேண்டும் என்று உத்தரவு போட்டார்.

லோடு ஏற்றும் அன்று காலை ஏட்டையா சைக்கிளில் வந்து இறங்கினார். கஞ்சி போட்ட காக்கி டவுசர், முறுக்கிய மீசை. பார்த்ததும் எனக்கு அழுகையே வந்தது.

எங்கள் செட்டு வாசலில் ஒரு வழக்கம் உண்டு. யார் வந்தாலும் மடியையும் பையையும் உதறிக் காட்டிவிட்டுத்தான் உள்ளே வர வேண்டும். என் மாமனாரையே உதற வைத்தவன் நான். ஏட்டையா வந்தபோது வாசல்காரர் என்னைப் பார்த்தார்.

"விடுங்க, நம்ம காவலுக்கு வந்தவக" என்றேன்.

பெட்டிகளுக்குப் பக்கத்தில் நிழல் பார்த்து அவருக்கு நாற்காலி போட்டேன். நான் அண்ணனை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன். வரப்பில் கையைக் கட்டி நின்றவர், இரண்டாவது வண்டி நிறையும்போது திடீரென்று எங்களை நோக்கி ஓடி வந்தார்.

"ஏட்டையா, வாராரு, வாராரு" என்று நான் நாற்காலிக்குப் பின்னால் குந்திக்கொண்டேன்.

அண்ணன் என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. ஏட்டையாவின் உதட்டிலிருந்த பீடியைப் பிடுங்கி, உள்ளங்கைக்குள் வைத்து நசுக்கினார். அப்போதுதான் எனக்குப் புகை வாடையே தெரிந்தது.

"யோவ், காவலுக்கு வந்தீரா, கொளுத்த வந்தீரா? உள்ள நம்ம தெருப் பொம்பளைக இருவது பேரு திரி முடிஞ்சிக்கிட்டு இருக்காளுக."

ஏட்டையா மீசையைத் தடவினார். நான்தான் கேட்டேன்.

"நீங்களும் இதத்தான செய்வேன்னு சொன்னீக?" நாற்காலிக்குப் பின்னாலிருந்து நான் இன்னும் வெளியே வரவில்லை.

"சொன்னேன். சொல்றவன் கிழிப்பானாலே? எந்திரிச்சு வா வெளிய."

கடைசி வண்டி பாதையைத் தாண்டும்வரை அண்ணன் ஏட்டையாவுக்கு எதிரிலேயே நின்றார். ஏட்டையாவின் டவுசர் பையிலிருந்து எடுத்த தீப்பெட்டி அண்ணனின் மடியில் இருந்தது.

போகும்போது ஏட்டையா ஒரு தாளை நீட்டினார். பாதுகாப்பு நல்லபடியாகக் கிடைத்தது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். சாட்சிக்கு ஆள் கேட்டார். அண்ணன்தான் வந்தார். வலது உள்ளங்கை வெந்திருந்ததால் பேனா நிற்கவில்லை. இடது பெருவிரலை மையில் தோய்த்து ரேகை வைத்தார்.

"பாதைக் கேசு இன்னும் முடியல, பாத்துக்கோ" என்று சொல்லிவிட்டு, ரேகை வைத்த விரலை என் சட்டையில் துடைத்துக்கொண்டு போனார்.