மேடைக்குக் கீழே நாலு நிமிடம்

“மேடையில செருப்போ ஷூவோ ஏறக் கூடாதும்மா. அவுங்க ஆடற ஆட்டத்துக்கு அப்படி ஏதாவது போடுவாங்களா?” என்று சிதம்பரத்திலிருந்து ஒரு பெரியவர் போனில் கேட்டார். “இல்லீங்கய்யா, வெறுங்கால்தான்” என்றேன். அவர் கேட்டதற்கும் நான் சொன்னதற்கும் நடுவே மூச்சு விடும் நேரம்கூட இல்லை. ஆறு வருடம் ஆகிறது. இப்போதும் தையல் மிஷினை மிதித்துக்கொண்டிருக்கும்போது திடீரென்று அந்தக் குரல் காதில் கேட்கும். கால் தானாக நின்றுவிடும்.

கேள்வி மேடத்தைப் பற்றியது. மஞ்சக்குப்பத்தில் எல்லோருக்கும் அவர் ரஷ்யாக்காரம்மா, எனக்கு மேடம். ரஷ்யாவில் குளிரில் விறைத்துக் கிடக்கும் ஏதோ ஓர் ஊரில் பிறந்து, ஒன்பது வயதில் பாலே நடனம் கற்க விடுதியில் சேர்ந்து, பிறகு ஒரு பெரிய நடனக் குழுவில் பன்னிரண்டு வருடம் ஆடியவர். அங்கே டாக்டருக்குப் படிக்கப் போன கடலூர்க்காரரைக் கல்யாணம் செய்துகொண்டு முப்பது வயதில் இங்கே வந்தார். டாக்டர் ஐயா காலமான பிறகும் தன் ஊருக்குத் திரும்பவில்லை. வீட்டு மாடியில் பலகை போட்டு, சுவரோரம் இடுப்பு உயரத்துக்கு ஒரு தண்ணீர்க் குழாயைப் பதித்து, அதைப் பிடித்துக்கொண்டு நிற்கும் பெண்பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தார். செம்மங்குப்பம் தொழிற்பேட்டை அதிகாரிகள் வீட்டுப் பெண்கள், துறைமுகத்துப் பக்கத்துப் பெண்கள் என்று எப்போதும் பத்துப் பதினைந்து பேர் இருப்பார்கள். தப்பாக ஆடினால் பொறுத்துக்கொள்வார். அழுதால் மட்டும் பொறுக்கமாட்டார்.

நான் அவருக்குத் தையல்காரி. எங்களுடையது கடலுக்குப் போகும் குடும்பம், அண்ணன் இன்னும் போகிறார். வலையில் அறுந்த கண்ணியைக் கோக்க எனக்குச் சின்ன வயதிலேயே தெரியும். மேடம் ஒரு நாள் சாட்டின் துணியில் செய்த ஒரு ஜோடி ஷூவைக் கடைக்கு எடுத்து வந்து, “டெய்லர், இதைத் தைக்க முடியுமா?” என்றார். என்னைப் பெயர் சொல்லி அவர் ஒரு நாளும் கூப்பிட்டதில்லை. கால்விரல் நுனியில் உடம்பு முழுவதையும் தாங்கி நிறுத்தும் ஷூ அது. துணியையும் பசையையும் அடுக்கடுக்காக ஒட்டி முனையைக் கெட்டியாக்கியிருப்பார்கள். கடலூர் உப்புக்காற்று அந்தப் பசையை இளக்கிவிடும். மரச்சாமானுக்குப் பாலிஷ் போடுகிறவரிடம் அரக்குக் கரைசல் வாங்கி உள்ளே ஊற்றிக் காயவைத்தேன். முனை வழுக்காமலிருக்க வலைக்குப் போடும் நைலான் நூலால் நெருக்கிப் பின்னினேன். மேடம் அதைப் போட்டுக்கொண்டு மாடியில் ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு “நல்லா இருக்கு” என்றார். அவர் வாயிலிருந்து அப்படி ஒரு வார்த்தை வருவது அபூர்வம். அன்றிலிருந்து பாதி நாள் அந்த மாடியில்தான் எனக்கு வேலை. மீன் விற்கும் எங்கள் பெண்களிடம் பேரம் பேசி ஜெயிக்கிற அளவுக்குத் தமிழ் தெரிந்தவர், முகம் தெரியாத குரல் போனில் வேகமாகப் பேசினால் தடுமாறிப்போவார். அதனால் போன் அடித்தால் என்னிடம் நீட்டிவிடுவார்.

சிதம்பரத்தில் ஒரு நாட்டிய சபைக்காரர்கள் தங்கள் ஆண்டு விழாவில் வெளிநாட்டு நடனம் ஒன்றும் இருக்கட்டும் என்று மேடத்தை அழைத்தார்கள். மேடத்துக்கு அப்போது ஐம்பத்தாறு வயது. பன்னிரண்டு வருடம் ஆடினாரே தவிர, எல்லாம் கடைசி வரிசையில். முப்பது பெண்கள் ஒன்றுபோல் கை தூக்கினால் அதில் இருபத்தேழாவது கை அவருடையது என்று அவரே சொல்லிச் சிரிப்பார். வாழ்நாளில் ஒரு முறைகூடத் தனியாக மேடை ஏறியதில்லை. இந்த அழைப்பு வந்த அன்று அவர் மாடிக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். ஒரு மணி நேரம் கழித்து வெளியே வந்து, “நாலு நிமிஷம். எல்லாம் விரல் மேல. நான் மட்டும்” என்றார். முகமெல்லாம் சிவந்திருந்தது. அந்த முகத்தைப் பார்த்த மறுநாள்தான் அந்தப் பெரியவர் போனில் கேட்டார், நான் வெறுங்கால் என்று சொன்னேன்.

ஏன் சொன்னேன்? ஆமாம் என்று சொன்னால் அழைப்பு போய்விடும் என்ற பயம், அவ்வளவுதான். மீதிக்கு நம் ஊர் வைத்தியம் இருக்கிறதே, போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்பது. கல்யாணமோ ஆபீஸோ, நேரில் போய் நின்றுவிட்டால் யாரும் திருப்பி அனுப்பமாட்டார்கள், கெஞ்சிக் கூத்தாடிச் சமாளித்துவிடலாம் என்று பிறந்ததிலிருந்து பார்த்துப் பழகியவள் நான். மேடத்திடம் சொன்னால், தடுமாறினாலும் அவர் உடனே போன் போட்டு உண்மையைச் சொல்லிவிடுவார் என்றும் தெரியும். அதனால் அவரிடமும் மூச்சு விடவில்லை.

விழாவுக்கு இன்னும் மூன்று வாரம் இருந்தது. மேடத்தின் இடது பாதத்து எலும்பில் ஏற்கெனவே மெல்லிய விரிசல் இருந்தது. மரத்தரையில் மட்டும் ஆடலாம், கல்லிலோ சிமெண்டிலோ குதித்தால் எலும்பு போய்விடும் என்று எலும்பு டாக்டர் கண்டித்துச் சொல்லியிருந்தார். சிதம்பரத்து மேடை பலகை போட்டது என்று நான் கேட்டுச் சொன்ன பிறகுதான் மேடம் ஒப்புக்கொண்டார். தினமும் காலையில் பயிற்சி முடிந்ததும், அண்ணன் துறைமுகத்திலிருந்து கொண்டுவரும் மீன் ஐஸை நான் ஒரு வாளியில் போட்டுவைப்பேன். மேடம் அதற்குள் காலை வைத்துக்கொண்டு பல்லைக் கடித்தபடி உட்கார்ந்திருப்பார். நான் எதிரே உட்கார்ந்து ஷூவின் முனையைப் பின்னிக்கொண்டிருப்பேன். ரஷ்யாவிலிருந்து வந்ததில் கடைசி ஜோடி அது. சொல்லிவிடலாம் என்று தினமும் வாயைத் திறப்பேன். “என்ன டெய்லர்?” என்பார். “நூல் தீர்ந்துபோச்சு மேடம்” என்பேன். அந்த மூன்று வாரத்தில் எத்தனை முறை நூல் தீர்ந்தது என்று அவருக்கே சந்தேகம் வந்திருக்க வேண்டும்.

விழா அன்று மதியம் கடலூரிலிருந்து காரில் கிளம்பினோம். செம்மங்குப்பம் தாண்டும்போது ரசாயன வாடைக்கு மேடம் கண்ணாடியை ஏற்றினார். அதன் பிறகு இறக்கவே இல்லை. மடியில் ஷூ இருந்தது. கல்யாண மண்டபத்துக்குள் நுழைந்ததும் நான் பார்த்தது மேடையைத்தான். இடது ஓரத்தில் ஆளுயர நடராஜர், முன்னால் குத்துவிளக்கு. ஆடி முடித்த ஒரு பெண் தரையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு இறங்கினாள். பக்கத்து அறையில் மேடம் ரிப்பனைக் கணுக்காலில் சுற்றிக் கட்டிக்கொண்டிருந்தபோது அந்தப் பெரியவர் கும்பிட்டபடியே உள்ளே வந்தார். கும்பிட்ட கை அப்படியே நின்றது.

“என்னம்மா இது, வெறுங்கால்னு சொன்னீங்களே?” என்று என்னைப் பார்த்துக் கேட்டார்.

“இது வெளியில போடறது இல்லீங்கய்யா. தெருவுல ஒரு தடவகூட பட்டதில்ல. மனசு வைங்கய்யா” என்றேன். அழுகை வந்துவிட்டது.

“சாமி நிக்கிற மேடம்மா. எங்க வாத்தியார்லேர்ந்து யாரும் போட்டுக்கிட்டு ஏறினதில்ல. இவுங்களுக்கு மட்டும் எப்படி உடறது? போன்லயே கேட்டேனே, அப்பவே சொல்லியிருக்கலாம் இல்ல?” அவர் குரலை உயர்த்தவில்லை. அவரைக் குறை சொல்ல எனக்கு வழியே இல்லை. மேடத்திடம் திரும்பி, “வெறுங்காலோட ஆட முடியுமாம்மா?” என்று பணிவாகக் கேட்டார்.

மேடம் அவரைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தார். எல்லாம் புரிந்துவிட்டது என்று தெரிந்தது. “இந்த டான்ஸ் முடியாது. வேற டான்ஸ் இப்ப இல்ல” என்றார். பிறகு எழுந்து கதவருகே போய் மண்டபத்தை எட்டிப் பார்த்தார். “மேடைக்குக் கீழ ஆடினா?”

“கீழ எங்களுக்கு ஒண்ணும் ஆட்சேபன இல்லம்மா. ஆனா கருங்கல்லுத் தரை.”

“மேடம், வேணாம். டாக்டர் சொன்னாரு இல்ல, எலும்பு...” என்று அவர் கையைப் பிடித்தேன்.

“நீ பேசாதே” என்று கையை விடுவித்துக்கொண்டார்.

முன்வரிசை நாற்காலிகளை எடுத்துப் பின்னால் போட்டார்கள். மேடைக்கும் சனங்களுக்கும் நடுவே ஒரு கல்யாணப் பந்திக்கான இடம்கூட இருக்காது. பாட்டு ஆரம்பித்தது. மேடம் கை இரண்டையும் மெல்ல உயர்த்தி விரல் நுனியில் எழுந்தார். மாடிப் பலகையில் நான் கேட்டுப் பழகிய சத்தம் வேறு. இங்கே ஒவ்வொரு அடியும் கல்லில் சுத்தியல் படுகிற மாதிரி கேட்டது, ஒவ்வொன்றும் என் நெஞ்சில் விழுந்தது. சுவர்க் கடிகாரத்தையும் அவர் காலையும் மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருந்தேன். முதலில் குசுகுசுவென்று பேசிக்கொண்டிருந்தவர்கள் அடங்கிப்போனார்கள். இருபத்தேழாவது கை என்று அவர் சிரிப்பாரே, அந்தக் கையைத்தான் அன்று அத்தனை பேரும் வாயைப் பிளந்து பார்த்தார்கள். எனக்கும் எல்லாம் மறந்துவிட்டது. மூன்றாவது நிமிடம் ஒரு சின்னத் தாவல். இறங்கியபோது அவருடைய கீழுதடு ஒரு கணம் பல்லுக்குள் போனது. வேறு யாரும் கவனித்திருக்கமாட்டார்கள், வாளியில் ஐஸ் போட்டவளுக்குத் தெரியாதா? மிச்சமிருந்த ஒரு நிமிடத்தையும் அவர் விரலிலிருந்து இறங்காமலே ஆடினார். முடித்துக் குனிந்து வணங்கினார். அந்தப் பெரியவர்தான் முதலில் எழுந்து கை தட்டினார்.

அறை வரைக்கும் யார் தோளையும் பிடிக்காமல் நடந்து வந்தார். கதவைச் சாத்தியதும் என் மேல் சாய்ந்துவிட்டார். பாதம் வீங்கி ஷூவைக் கழற்ற முடியவில்லை. நானே பின்னியதை நானே கத்தரிக்கோலால் வெட்டி எடுத்தேன். ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே பார்த்துவிட்டு, எலும்பு இரண்டு இடத்தில் முறிந்திருக்கிறது, இனி இவர் ஆடுவதை மறந்துவிட வேண்டியதுதான் என்றார்கள். மேடம் கண்ணை மூடிப் படுத்திருந்தார். மூடியபடியே கேட்டார்.

“எத்தன நாளா தெரியும்?”

“மூணு வாரமா, மேடம்.”

“மூணு வாரம்” என்று திருப்பிச் சொன்னார். “மூணு வாரத்துல வெறுங்கால் டான்ஸ் ஒண்ணு செஞ்சிருப்பேன். மேடையில. பலகை மேல.”

எனக்கு அது ஒரு தடவைகூடத் தோன்றவில்லை என்பதுதான் கொடுமை. அவருக்காகப் பயந்தேன், அவருக்காகப் பொய் சொன்னேன், அவரிடம் மட்டும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஆடத் தெரிந்தவர் அவர். என்ன ஆடுவது என்பதைத் தீர்மானித்தது துணி தைக்கிறவள்.

அதன் பிறகு நாலு மாதம் அந்த வீட்டுப் பக்கம் போகவில்லை. கடைக்குத் துணி கொடுக்க வந்த ஒரு பிள்ளையின் அம்மாதான் சொன்னார், மேடம் கைத்தடியோடு மாடி ஏறி, நாற்காலியில் உட்கார்ந்தபடியே சொல்லிக்கொடுக்கத் தொடங்கிவிட்டாராம். இருக்கிற தைரியத்தையெல்லாம் திரட்டிக்கொண்டு போனேன். அன்று வகுப்பு முடிந்திருந்தது. நாற்காலிக்கு எதிரே தரையில் உட்கார்ந்து, “எல்லாத்துக்கும் மன்னிச்சிடுங்க மேடம், உங்க காலே போச்சு, நான்தான் காரணம்” என்று அழுதேன். அழுதால் அவருக்குப் பிடிக்காது என்று தெரிந்தும் நிறுத்த முடியவில்லை.

நான் முடிக்கும் வரை காத்திருந்தார். “மூணு வாரத்துக்கு மன்னிப்புக் கேளு. அந்த நாலு நிமிஷத்துக்குக் கேக்காதே. அது என்னோடது” என்றார்.

மூன்று வாரத்துக்கு மட்டும் தனியாக மன்னிப்புக் கேட்டேன். அவர் கைத்தடியை எடுத்து ஊன்றிக்கொண்டு எழுந்தார், என்னை உதவ விடவில்லை.

“மன்னிக்கல” என்றார். “நாளைக்குப் பத்து மணிக்கு வா. பசங்க ஷூ எல்லாம் கிழிஞ்சு கெடக்கு.”

இன்றைக்கும் அந்த மாடியில்தான் பாதி நாள் வேலை. போன் வந்தால் ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேச வேண்டும், மேடம் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு வார்த்தையையும் கேட்பார். மன்னித்துவிட்டீர்களா என்று வருடத்துக்கு ஒரு முறையாவது கேட்டுப் பார்க்கிறேன். இன்னும் இல்லை என்கிறார். சரி மேடம் என்று ஊசியில் நூலைக் கோக்கிறேன்.