ஏறியாச்சு

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்று சிரிப்பீர்கள். சிரித்துக்கொள்ளுங்கள். இது தேனி டவுனுக்குள், சித்திரை மாதத்து உச்சி வெயிலில் நடந்தது.

மொக்கம்மாளின் இட்லிக்கடை வாய்க்காலுக்கு மேலேயே இருந்தது. ஒரு காலத்தில் சாய மில்லுக்குத் தண்ணீர் கொண்டுபோன வாய்க்கால் அது. மில்லை மூடி இருபத்தைந்து வருஷத்துக்கு மேலாகிறது. சிலாப் போட்டு மூடிய வாய்க்கால்மேல் வரிசையாகக் கடைகள் வந்துவிட்டன. கீழே சொட்டுத் தண்ணீர் கிடையாது, வெறும் குப்பைதான். ஆனால் ஒரு மழை பெய்தால் போதும், சாக்கடை கடைக்குள் ஏறிவிடும். போன மழையில் கிரைண்டரே போயிற்று. இன்னொரு மழையைக் கடை தாங்காது.

அதனால்தான் அவள் புருஷன் முத்துவீரன் சிலாப்பை நகர்த்திவிட்டு உள்ளே இறங்கினான்.

"வேணாங்க. கம்பிய விட்டு மேலருந்தே குத்துங்க."

"பேசாம இரு. அங்கனதான் அடைச்சுக் கெடக்கு."

குனிந்தபடியே இருட்டுக்குள் போனான். மண்வெட்டிச் சத்தம் கேட்டது. மொக்கம்மாள் சட்னிக்குத் தேங்காய் துருவ உட்கார்ந்தாள்.

டங்... டங்... டங்...

தண்டவாளத் துண்டில் இரும்பால் அடிக்கிற சத்தம். மில் ஓடிய காலத்தில், தண்ணீர் திறக்குமுன் ஷட்டர்காரர் இப்படித்தான் மூன்று தரம் அடிப்பார். வாய்க்காலில் துவைக்கிற பெண்கள் கரையேறி, "ஏறியாச்சு!" என்று குரல் கொடுப்பார்கள். அப்புறம்தான் ஷட்டரைத் தூக்குவார். குமரியாக இருந்தபோது மொக்கம்மாள் தினம் கொடுத்த குரல்.

தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பது சும்மாவா? தேங்காயிலிருந்து கண்ணெடுக்காமலே கத்திவிட்டாள்.

"ஏறியாச்சு!"

கத்திய பிறகுதான் புருஷன் உள்ளே இருப்பது உறைத்தது.

காலடியில் சிலாப் அதிர்ந்தது. தண்ணீர் பாய்ந்து வரும் இரைச்சல்...

"ஏறல! ஏறலய்யா! எம் புருஷன் உள்ள இருக்காக! அடைங்கய்யா!"

மண்வெட்டிச் சத்தம் நின்றது.

"ஏங்க..."

இரைச்சலும் நின்றது.

தீயணைப்புக்காரர்கள் வந்துதான் அவனை வெளியே தூக்கினார்கள். உயிர் இல்லை. வேட்டி காய்ந்திருந்தது. தலைமுடியெல்லாம் புழுதி. விஷவாயு அடித்திருக்கும் என்றார்கள்.

மொக்கம்மாள் நெஞ்சில் அடித்துக்கொண்டு அழுதாள். "பாவி மக நாந்தான் ஏறியாச்சுன்னேன்... நாந்தான் கொன்னுட்டேன்..." துக்கத்தில் புத்தி பேதலித்துப் புலம்புகிறாள் என்று பக்கத்துக் கடைக்காரர்கள் தேற்றினார்கள்.

மறுநாள், போஸ்ட்மார்ட்டம் முடித்த டாக்டர் முத்துவீரனின் தம்பியைத் தனியாகக் கூப்பிட்டார்.

"உங்க அண்ணன எந்தக் கெணத்துலருந்து எடுத்தீங்க? நுரையீரல் பூராம் தண்ணி."