வாத்துக்குட்டியின் செருப்பு

ஆறு வயதில் இன்ஷிராஹ் வானொலிச் சிறுவர் நிகழ்ச்சியில் ஒரு பாட்டுப் பாடினாள். குளத்துத் தண்ணீர் சில்லென்று இருக்கிறதாம், வாத்துக்குட்டிக்குச் செருப்பு வாங்கித் தர வேண்டுமாம். அதோடு சரி. வளர்ந்து இம்பாபா பேட்டையின் குடிநீர் அலுவலகத்தில் அதிகாரியானாள். சிகரெட் பிடித்துக் குரலைக் கெடுத்துக்கொண்டாள். ஆனால் வீட்டுக்கு விருந்தாளி யார் வந்தாலும், இரண்டாவது தேநீருக்குள் வாத்து வந்துவிடும்.

அவளுடைய ஐம்பதாவது வயதில் அந்த வாத்து ஆட்டோவில் ஏறி வந்தது. இடி மாதிரித் தாளம், நடுவே அவளுடைய ஆறு வயதுக் குரல்: “செருப்பு! செருப்பு!” குளத்தையும் வாத்தையும் வெட்டி எறிந்துவிட்டு, எதிரியை முச்சந்தியில் வைத்து விளாசுகிற பாட்டாக்கியிருந்தான், கல்யாண வீடுகளில் கச்சேரி செய்யும் ஷோக்கா. ஷோக்கா என்றால் அரபியில் முள்கரண்டி. பெற்றவர்கள் வைத்த பெயர் அவனுக்கே மறந்திருக்கும்.

“என் வாத்தைக் கெடுத்துட்டான்!” என்று வீட்டில் குமுறினாள்.

“அதுக்குத்தான் கடைசில செருப்பு கிடைச்சிருச்சே,” என்றார் கணவர் ஷஹாத்தா.

பக்கத்துச் சந்தில் ஒரு கல்யாணம், ஷோக்காவின் கச்சேரி. இன்ஷிராஹ் மேடையேறி, காலில் கிடந்ததைக் கழற்றி ஓங்கினாள். அதுவும் ஆட்டம்தான் என்று நினைத்த கல்யாணக் கூட்டம் மொத்தமும் செருப்பைத் தூக்கிக்கொண்டு ஆடியது. முன்வரிசையில் ஷஹாத்தா.

“அது என் குரல்டா, கழுதை!”

ஷோக்கா மைக்கை இறக்கினான். “அந்த வாத்துப் பாப்பா நீங்களா? அந்தப் பாட்டு கேசட்டைப் போட்டாத்தான் நான் சாப்பிடுவேன்னு எங்கம்மா சொல்லும். இப்பவும் கேட்டா பசிக்குது.”

“பின்ன ஏன்டா வெட்டின?”

“முதல்ல ஒரு கல்யாணத்துல முழுசாத்தான் போட்டேன். எல்லாருக்கும் அவங்கவங்க அம்மா ஞாபகம் வந்து அழுதுட்டாங்க. மாப்பிள்ளை என்னைப் பாதியிலேயே இறக்கி விட்டுட்டான்.”

“அதெல்லாம் எனக்குத் தெரியாது. என் குரலை எடுத்துடு.”

எடுத்துவிட்டான். அடுத்த மாதமே அவன் அக்கா மகள் பாடிய புதுப் பதிவு வந்தது. அலுவலகத்துக்கு ஆட்டோவில் போகும்போது அதைக் கேட்ட இன்ஷிராஹுக்கு முகம் சுருங்கியது.

“யாருப்பா இந்தப் பொண்ணு? வாத்து மேல துளிப் பாசம் இல்ல. செருப்புக் கடைக்கு ஆள் கூப்பிடற மாதிரிக் கத்துது.”

ஓட்டுநர் பெருமூச்சு விட்டார். “இந்தக் காலத்துப் பாட்டு அப்படித்தான் மேடம். பழசைப் போடவா? அதுல பாடற குழந்தைக்குக் கள்ளங்கபடமே இல்ல.”

பழசு என்று அவர் சொன்னது போன மாதத்துப் பாட்டை. தெரிந்த முகம் ஏதாவது தென்படுகிறதா என்று தெருவை இரு பக்கமும் பார்த்துக்கொண்டாள்.

“போடு.”

இடி இடித்தது. தன் குரல் வந்ததும் அவளும் கூடச் சேர்ந்து பாடினாள்.

“மேடம்,” என்றார் ஓட்டுநர், திரும்பிப் பார்க்காமல், “அந்தப் பாப்பாவைக் கொஞ்சம் பாட விடுங்களேன்.”