சீம்பாலுக்கு வந்த சொம்பு

கால்நடை மருத்துவம் முடித்த புதிதில், தொண்ணூறுகளின் கடைசியில், பஸ் நிற்கும் முன்பே குதித்து இறங்குகிற ஆள் நான். சாப்பாடு, பேச்சு, ஊசி எல்லாமே வேகம்தான். தடுப்பூசி முகாம்களில் அது எடுபட்டது. ஆனால் வேகமாகப் போட்டால் மாட்டைக் கொன்றுவிடுகிற ஊசியும் உண்டு.

பெங்களூர் கண்டோன்மென்ட் பக்கத்துச் சந்து ஒன்றிலிருந்து ஒரு சாயங்காலம் ஒரு அம்மா கிளினிக்குக்கு ஓடி வந்தாள். முந்தின ராத்திரி அவள் பசு கன்று போட்டிருந்தது. காலையில் நன்றாக நின்றது, மத்தியானம் தள்ளாடியது, இப்போது படுத்துவிட்டது.

போய்ப் பார்த்தேன். பக்கத்து வீட்டு மதில் ஓரமாகக் கிடந்தது. கழுத்தை விலாப்பக்கம் மடக்கி, தூங்குவது போல. காதைத் தொட்டால் குழாயடிக் கல்லாகச் சில்லிட்டிருந்தது. மூக்கு காய்ந்திருந்தது.

"காலைல எவ்ளோ கறந்தீங்கம்மா?"

"சொட்டு வுடாம கறந்துட்டேன் சார். தெருவே கிண்ணு கிண்ணுன்னு நிக்குது, இன்னா பண்றது?"

கிண்ணு என்றால் அங்கே சீம்பால். வெல்லமும் ஏலக்காயும் போட்டு ஆவியில் வைத்தால் கட்டியாகிவிடும். மாடு ஈன்ற வீட்டுக்குத் தெருவே பாத்திரத்தோடு வரும், இல்லை என்று யாரும் சொல்வதில்லை. மடியைக் காலி செய்தால் அது மறுபடி நிரம்ப உடம்பிலுள்ள சுண்ணாம்புச் சத்தெல்லாம் பாலுக்கு ஓடும். ரத்தத்தில் அது வற்றிப்போய் மாடு சாய்ந்துவிடும். அந்தச் சத்தை நரம்பில் ஏற்றாவிட்டால் விடிவதற்குள் மூச்சு நிற்கும். அவசரமாக ஏற்றினால் அங்கேயே இதயம் நிற்கும்.

கால்சியம் மருந்து பாட்டிலை வெந்நீரில் வைத்து வெதுவெதுப்பாக்கினேன். கழுத்தைச் சுத்தமாகத் துடைத்து, நரம்பை விரலால் அமுக்கி ஊசியைச் செருகினேன். ரத்தம் விடாமல் சொட்டியது, நரம்புக்குள்தான் இருக்கிறது. டியூபில் காற்று இல்லை என்று பார்த்து மாட்டினேன். பாட்டிலைப் பிடிக்க ஆள் வேண்டும். மாட்டுக்காரம்மா தலையை மடியில் தாங்கியிருந்தாள். மதிலுக்குச் சொந்தக்காரம்மா எவர்சில்வர் சொம்போடு நின்றிருந்தாள். சொம்பைக் கீழே வைக்கச் சொல்லி பாட்டிலை அவள் கையில் கொடுத்தேன்.

"நெஞ்சு உயரத்துக்கு மேல தூக்காதீங்கம்மா, மருந்து வேகமா எறங்கிடும்."

ஸ்டெதஸ்கோப்பை முன்னங்காலுக்குப் பின்னால் வைத்தேன். துடிப்பு மங்கலாகத் தடதடத்தது.

"இன்னா டாக்டரு நீ, சொட்டு சொட்டா உட்டுகினு கீறே?" என்றாள் அவள். "ஜல்தி உடு கண்ணு, கை கடுக்குது."

"ஏறட்டும்மா, மெதுவாத்தான் ஏறணும்."

எனக்கும் உள்ளுக்குள் அரித்தது. டியூபின் திருகைக் கொஞ்சம் தளர்த்திவிட்டால் சீக்கிரம் முடியும். துடிப்பு மெல்ல நிதானமாகி, பலமாகிக்கொண்டிருந்தது. தொடையில் சின்னதாக நடுக்கம் ஓடியது, நல்ல அறிகுறி. பால்காரர் சைக்கிள் மணி சந்துக்குள் வந்து போனது.

பிறகு ஒரு துடிப்பு வந்தது. அடுத்தது வரவில்லை.

நிமிர்ந்தேன். பாட்டில் அவள் தலைக்கு மேலே இருந்தது.

"எறக்குங்க!" டியூபை மடக்கிப் பிடித்தேன். ஸ்டெதஸ்கோப்பில் துடிப்பே இல்லை. மாட்டுக்காரம்மா என் முகத்தையே பார்த்தாள். ஒரு துடிப்பு. இடைவெளி. இன்னொன்று. ஒழுங்குக்கு வரும்வரை என் விரல் டியூபை விடவில்லை.

மீதியை நானே பிடித்தேன், இடுப்பு உயரத்தில். கடைசிக் கொஞ்சத்தைத் தோலுக்கடியில் போட்டேன். மாடு ஏப்பம் விட்டது, சாணி போட்டது, பின்னங்கால்களை ஊன்றி எழுந்து நின்றது. மாட்டுக்காரம்மா அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

"நாளைக்கு சாயங்காலம் வரைக்கும் மடியக் காலி பண்ணாதீங்க. கன்னு குடிக்கிறது போதும். மறுபடி விழுந்தா எந்திரிக்காது."

"சரி சார், சரி."

மதில்காரம்மா சொம்பை எடுத்துத் துடைத்தாள். "எம் பங்கு காலைல வரலியே. ஒரே ஒரு சொம்பு."

"அம்மா, நான் இப்பதான் சொன்னேன்."

"ஸ்வல்பதானே கேக்கறேன், ஏன் கூவறே?"

மாட்டுக்காரம்மா என்னைப் பார்க்காமல் சொன்னாள்: "இவங்க செவுரு ஓரந்தான் சார் கட்றேன். வேற எடம் ஏது?"

ஸ்கூட்டரைத் தள்ளிக்கொண்டு சந்து முனைக்கு வரும்போது காதில் விழுந்தது. வெறும் பாத்திரத்தில் பால் பீச்சும் ஓசை, கணீரென்று. நின்றேன். பாத்திரம் நிறைய நிறைய அது மந்தமானது. ஓசை நிற்கவில்லை.

பையைத் திறந்து பார்த்தேன். இன்னொரு பாட்டில் இல்லை. மருந்துக் கடை மூடுவதற்குள் போக வண்டியை உதைத்தேன்.