லாவாருக்குள் விழுந்த கடுகு

மார்க்கண்டு அண்ணை பொய் சொல்ல மாட்டார் என்பது 1987ஆம் ஆண்டில் எங்கள் வீட்டுக்குப் பெரிய தொல்லையாக இருந்தது. அகதியாக வந்திறங்கிய குளிர்நாட்டில், பார்க் எக்ஸ்டென்ஷன் என்ற பகுதியில் மூன்றாம் மாடி, இரண்டு அறை, ஏழு ஆண்கள். நான்கு பேர் என்றுதான் வீட்டுக்காரரிடம் சொல்லி எடுத்திருந்தோம். ஒருநாள் அவர் படியில் மறித்து எத்தனை பேர் இருக்கிறீர்கள் என்று கேட்க, இந்த மனுசன் விரல்விட்டு எண்ணி, ஒருவரையும் தவறவிடாமல், ஏழு என்று சொல்லிவிட்டு மேலே வந்து தேத்தண்ணி போட்டார்.

"நாலெண்டு சொன்னால் என்ன அண்ணை, நாக்கு அழுகிப் போமோ?" என்று கேட்டேன். எனக்கு உண்மையிலேயே கோபம்.

"கேஸ் முடியுமட்டும் என்ர வாயிலை ஒரு பொய்யும் வரக்கூடாது, சிவம்," என்றார்.

பிறவியிலேயே இப்படி என்று நினைக்க வேண்டாம். ஊரில் அவர் மற்றவர்களைப் போலத்தான், தேவைக்கு ஏற்றபடி பொய்யும் சொல்லி வாழ்ந்தவர். சித்திரை மாதம் நடந்த விசாரணைதான் ஆளை இப்படி ஆக்கியது. அகதி என்று கேட்டு வந்தவர்களைச் சத்தியம் செய்யவைத்து விசாரிப்பார்கள். அவரை விசாரித்த அதிகாரி நரைத்த மீசைக்காரர். கண்ணாடியைக் கறுப்புக் கயிற்றில் கோத்துக் கழுத்தில் போட்டிருந்தாராம். என்ன தொழில் செய்தாய் என்று கேட்டிருக்கிறார். திருகோணமலைக்குக் கிட்ட நிலாவெளியில் ஒரு ஹோட்டலில் சமையல்காரன் என்று இவர் சொன்னார். அதற்கு ஒரு துண்டுக் கடிதம்கூடக் கையில் இல்லை. ஹோட்டலும் எரிந்துவிட்டது, கடிதம் தரக்கூடிய முதலாளியும் எங்கோ போய்விட்டார். அப்படியென்றால் ஒரு நேரத்தில் எத்தனை பேருக்குச் சமைத்தாய் என்று அதிகாரி கேட்டார். கிழமை நாளில் எண்பது பேர், சனி ஞாயிறில் நூற்றிருபது பேர் என்பதுதான் உண்மை.

வெளியே வந்ததும் அவருடைய வழக்கறிஞர் சொன்னார்: நீ சொன்னதெல்லாம் எழுத்தில் இருக்கிறது, பிறகு எங்கேயாவது ஒரு சொல் மாறினாலும் முழுக் கதையும் கட்டுக்கதை என்றாகிவிடும். அவர் நல்லதற்குத்தான் சொன்னார். ஆனால் அன்றிலிருந்து மார்க்கண்டு அண்ணைக்கு நித்திரை போய்விட்டது. பதற்றத்தில் நூற்றிருபது என்று சொன்னாரா, வாய் தவறி நூற்றைம்பது என்று சொன்னாரா என்பது அவருக்கு ஞாபகம் வரவில்லை.

"நூற்றிருபதெண்டுதான் சொல்லியிருப்பீங்கள்," என்று நான் சொல்வேன்.

"நீ அங்கை இருந்தனீயோ?" என்று கேட்பார்.

கோடைகாலம் முழுக்க இதே கதைதான். திருகோணமலையில் அவருடைய மனைவி புஷ்பராணியும் இரண்டு பெண்பிள்ளைகளும் அவர் கூப்பிடுவார் என்று காத்திருந்தார்கள். கேஸ் சரிவந்தால்தான் கூப்பிடலாம். அது அந்த ஒரு எண்ணில் தொங்கிக்கொண்டிருப்பதாக அவர் முடிவே கட்டிவிட்டார். சாப்பாட்டில் பாதியை வைத்துவிட்டு எழும்பிப் போவார். சமையல்காரன் சாப்பிடாமல் இருப்பதைப் பார்க்க எனக்கு எரிச்சலும் வரும், பாவமாகவும் இருக்கும்.

நாங்கள் இருவரும் கோட்-டெ-நெய்ஜில் ஒரு பாலித் தீவுச் சாப்பாட்டுக் கடையில் வேலை செய்தோம். ஆறு மேசைதான். அவர் சமையலுக்கு உதவி, நான் கோப்பை கழுவுகிறவன். கடைக்காரி கெதுத் பாலியில் பிறந்தவர், இந்த ஊர் இன்ஜினியர் ஒருவரைக் கட்டிக்கொண்டு வந்தவர். கணவன் வடக்கே அணைக்கட்டு வேலையில் இருந்தார். சமைத்து முடிந்ததும் ஒருவரும் வாயில் வைக்க முன்னம், ஒரு சின்ன வாழையிலைத் துண்டில் சோறும் கறியும் ஒவ்வொரு சிட்டிகை எடுத்து அடுப்புக்குப் பக்கத்தில் படைப்பார். முதல் நாள் அதைப் பார்த்த உடனேயே மார்க்கண்டு அண்ணைக்கு அவரைப் பிடித்துவிட்டது.

"நாங்கள் காகத்துக்கு வைக்கிறம், இவ அடுப்புக்கு வைக்கிறா. வேறை ஒரு வித்தியாசமும் இல்லை," என்றார்.

அந்த ஐப்பசியில் கத்தரின் என்ற பெண் ஒரு காரியம் தொடங்கியிருந்தார். வியாழக்கிழமைகளில் மாலை ஐந்து மணிக்கு ஒரு பன்னிரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு கோட்-டெ-நெய்ஜ் தெருக்களில் நடப்பார். மூன்று கடை, மூன்று நாட்டுச் சாப்பாடு. ஒவ்வொரு கடையிலும் அந்தந்த நாட்டுச் சமையல்காரரே பரிமாறுவார் என்று தாளில் அச்சடித்தும் கொடுத்திருந்தார். ஒரு வியாழன் எங்கள் கடைக்கு முதல்முறையாக வர ஏற்பாடாகியிருந்தது. சரிவந்தால் வியாழன்தோறும் வருவார்கள் என்று கெதுத் இரண்டு நாளாக மசாலா இடித்தார்.

அன்று நாலரை மணிக்கு, கெதுத் தன் மகளைப் பகலில் விடும் கார்டெரி என்ற பிள்ளைப் பராமரிப்பு இடத்தில் இருந்து தொலைபேசி வந்தது. மகளுக்குக் கடும் காய்ச்சல். கெதுத் கோட்டை மாட்டிக்கொண்டே மார்க்கண்டு அண்ணையின் கையைப் பிடித்தார்.

"எல்லாம் உனக்குத் தெரியும். கேட்டால் பாலி என்று சொல். இன்றைக்கு மட்டும்," என்று ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினார்.

மார்க்கண்டு அண்ணை கதவையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு என்னைப் பார்த்தார்.

"நான் ஒண்டும் சொல்லமாட்டன். கேட்டால் சிரிப்பன்," என்றார். "சிரிக்கிறது பொய்யில்லைத்தானே?"

"இல்லை அண்ணை. சிரியுங்கோ," என்றேன்.

ஆள் வேலையில் இறங்கினால் வேறு மனுசன். அரைத்த மீனைத் தேங்காய்ப்பூவும் மசாலாவும் போட்டுப் பிசைந்து, எலுமிச்சம் புல் தண்டுகளில் பொத்திப் பொத்தி நெருப்பில் வாட்டினார். மஞ்சள் சோறு இறங்கியது. கறுப்பரிசிக் கஞ்சி தேங்காய்ப்பாலுக்குக் காத்திருந்தது. கெதுத் இல்லாத குறைக்கு இலைத்துண்டில் சிட்டிகை சிட்டிகையாக எடுத்து அடுப்புக்குப் பக்கத்தில் அவரே படைத்தார். இனி லாவார்தான் பாக்கி. அது பயற்றங்காயை அவித்துப் பொடியாக அரிந்து, வறுத்த தேங்காயும் மசாலாவும் சேர்த்துப் பிசைந்து, கடைசியில் சின்ன வெங்காயத்தைப் பொரித்துப் போடுகிற ஒரு கறி. எங்கள் பயற்றங்காய் வறையின் ஒன்றுவிட்ட சகோதரம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஆறு மணிக்கு எல்லோரும் வந்து குந்தினார்கள். கத்தரின் பிரெஞ்சில் ஏதோ சொல்ல, அதில் பாலி என்ற சொல் மூன்று தரம் வந்தது. மார்க்கண்டு அண்ணை சோறும் மீன் குச்சிகளும் நிறைந்த தட்டோடு வெளியே போனார். மேசையில் வைத்த வேகத்தில் திரும்பி வந்தார். முகத்தில் இரத்தம் இல்லை.

"ஜன்னலோரம் மனுசியோடை இருக்கிறார்," என்றார்.

"ஆர்?"

"கண்ணாடிக்காரன். என்ர கதை முழுக்க எழுதின அந்த அதிகாரி."

கதவிடுக்கால் பார்த்தேன். நரைத்த மீசை, கறுப்புக் கயிறு. மீன் குச்சியை ரசித்துக் கடித்துக்கொண்டிருந்தார்.

"திருகோணமலை எண்டு சத்தியம் பண்ணினவன் இஞ்சை பாலிக்காரனா நிக்கிறன். முடிஞ்சுது, சிவம். என்ர பிள்ளையளின்ரை கதையும் முடிஞ்சுது," என்றார். ஆனால் வெளியே பன்னிரண்டு பேர் காத்திருந்தார்கள்.

"முதல்லை வெங்காயத்தைப் பொரியுங்கோ," என்றேன்.

எண்ணெய் கொதித்தது. அவர் வெங்காயத்தைப் போட்டார். கண் கதவிலேயே இருந்தது. கை மட்டும் தன்பாட்டில் மேல்தட்டுக்குப் போய், எங்களுடைய சாப்பாட்டுக்கென்று ஜாம் போத்தலில் வைத்திருந்த கடுகையும், லண்டனில் இருந்து தபாலில் வந்த காய்ந்த கறிவேப்பிலையையும் அள்ளி எண்ணெயில் போட்டது. படபடவென்று வெடித்த பிறகுதான் இருவருக்கும் விளங்கியது. எங்கள் ஊர்த் தாளிப்பில் வெங்காயம் எண்ணெயில் கிடந்தால் அடுத்தது கடுகு என்று இருபது வருடமாகப் பழகிய கை அது. வேறு வெங்காயம் இல்லை, நேரமும் இல்லை. அப்படியே லாவாரில் கொட்டிப் பிசைந்து, இரண்டு பேருமாகக் கொண்டுபோய்ப் பரிமாறினோம்.

வெள்ளைத்தலை அம்மா ஒருவர் ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு நிறுத்தினார். மறுபடி ஒரு வாய் எடுத்தார். தான் பாலியில் இரண்டு வருடம் இருந்ததாகவும், இந்தக் கறி நல்ல ருசி என்றும், ஆனால் கடுகு போட்டு எங்கும் கண்டதில்லை என்றும் ஆங்கிலத்தில் சொன்னார். கத்தரின் சிரித்தபடி மார்க்கண்டு அண்ணையின் பக்கம் திரும்பினார்.

"ஐயா, பாலியில் உங்கள் ஊரில் இப்படித்தான் செய்வார்களா?"

எல்லோரும் பார்த்தார்கள். ஜன்னலோரத்தில் இருந்தவர் தொங்கிய கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு இவரைப் பார்த்தார்.

சிரிக்கப் போகிறார் என்று நினைத்தேன். சிரியுங்கோ அண்ணை என்று மனதுக்குள் கெஞ்சினேன். அவர் ஏப்ரனில் கையைத் துடைத்துக்கொண்டு, ஹோட்டலில் படித்த ஆங்கிலத்தில், சத்தம் உயர்த்தாமல் சொன்னார்:

"இல்லை மேடம். கடுகு என்னுடைய பிழை. நான் பாலி இல்லை, இலங்கை, திருகோணமலை. பாலி அம்மா பிள்ளையோடு ஆஸ்பத்திரியில். மற்ற எல்லாம் அவர் சொல்லித் தந்தபடி செய்தேன். கடுகு மட்டும் என்னுடைய கை போட்டது."

கத்தரினின் முகம் சிவந்துவிட்டது. கையில் இருந்த அச்சுத்தாளைப் பார்த்தார். கெதுத்தின் வியாழக்கிழமைகள் போயின என்றே நான் நினைத்தேன். வெள்ளைத்தலை அம்மா தட்டை முன்னால் தள்ளினார்.

"அப்படியென்றால் அந்தப் பிழையில் இன்னும் கொஞ்சம் தாருங்கள்," என்றார். பக்கத்தில் இருந்தவரும் தட்டை நீட்டினார். கத்தரின் தாளை மடித்துப் பையில் வைத்துவிட்டுத் தானும் ஒரு கரண்டி எடுத்தார்.

ஜன்னலோரத்தில் இருந்தவர் கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கரண்டியை எடுத்தார். கஞ்சியையும் மிச்சம் வைக்கவில்லை. கோட்டுகளை மாட்டிக்கொண்டு மூன்றாவது கடைக்குப் புறப்பட்டார்கள். நானும் மார்க்கண்டு அண்ணையும் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றோம். கடைசியாக வந்த அதிகாரி மனைவியை முன்னால் அனுப்பிவிட்டு நின்றார்.

"நல்ல சாப்பாடு," என்றார். "பன்னிரண்டு பேர் உங்களுக்குக் கஷ்டமாக இருந்திருக்காது."

"இல்லை சார். ஊரில் எண்பது பேர்," என்றார் மார்க்கண்டு அண்ணை. அடுத்த எண் வரவில்லை.

அதிகாரி தொப்பியைத் தலையில் வைத்தார்.

"சனி ஞாயிறில் நூற்றிருபது," என்று சொல்லிவிட்டுத் தெருவில் இறங்கிப் போனார்.

கொஞ்ச நேரத்தில் கெதுத் ஆஸ்பத்திரியில் இருந்து தொலைபேசி எடுத்தார். பிள்ளைக்குக் காதில் சீழ், பயப்பட ஒன்றுமில்லை. மார்க்கண்டு அண்ணை நடந்ததை ஒன்றும் விடாமல் சொன்னார். உண்மையைச் சொன்னதற்குக் கெதுத் ஏசவில்லை. கடுகுக்குத்தான் ஏசினார். அது எனக்கு நின்ற இடத்திலேயே கேட்டது. வியாழன்தோறும் கத்தரின் வந்துகொண்டுதான் இருந்தார்.

அன்று தொலைபேசியை வைத்துவிட்டு மார்க்கண்டு அண்ணை குசினியில் அரிசி மூட்டையில் இருந்தார். மீந்த மஞ்சள் சோற்றையும் லாவாரையும் சட்டியோடு மடியில் வைத்துக்கொண்டு சாப்பிடத் தொடங்கினார். சித்திரைக்குப் பிறகு அவர் அப்படிச் சாப்பிட்டதை நான் பார்க்கவில்லை. வழித்துத் துடைத்து முடித்தார்.

"நூற்றிருபதெண்டுதான் சொல்லியிருக்கிறன், சிவம்," என்றார். கண்ணில் இருந்து தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. சட்டியை என்னிடம் கழுவ நீட்டினார்.