நாகராஜன் அரண்மனைக்குச் சிவப்புப் பூசியவன்

நான் ஒரு மனிதரின் பிழைப்பைக் கெடுத்தேன். தெரிந்தே கெடுத்தேன்! ஐந்து ஆண்டுகளாக இதை யாரிடமும் சொன்னதில்லை. பாவசங்கீர்த்தனத்துக்கு முழந்தாளிட்டபோதுகூடப் பாதிரியாரிடம் வேறு எதையெதையோ உளறிவிட்டு எழுந்து வந்தேன். உங்களிடம் சொல்கிறேன், கேளுங்கள்.

அவர் பெயர் ஓல்த்ரிக். செக் தேசத்தவர். பிராகு நகரின் நாடக மேடைகளுக்கும், பிறகு ஜெர்மனியில் சினிமாவுக்கும் பூதங்களின் குகைகளும் மாய நகரங்களும் கட்டியவர். கல்கத்தா வழியாக ரங்கூனுக்கு வந்து, ஊ போ சான் என்ற பர்மிய முதலாளியின் படக் கம்பெனியில் சேர்ந்தார். ரங்கூனை ஒட்டிய தின்கன்ஜூனில் இருந்த எங்கள் படப்பிடிப்புக் கொட்டகையில் எல்லோரும் அவரைச் 'சயா' என்றே அழைத்தோம். பர்மியர் ஆசானை அப்படித்தான் அழைப்பார்கள்.

நான் அந்தோணி. ரங்கூனின் தாமுவேப் பகுதியில் கடைப் பலகை எழுதிக்கொண்டிருந்தவன். சயாவுக்கு ஏறக்குறைய என் வயதுதான். மிஷன் பள்ளியில் இங்கிலீஷ் படித்திருந்தேன்; பர்மிய மொழி தெருவிலேயே வந்துவிட்டது. சயாவுக்குப் பர்மிய மொழி வராது. முதலாளிக்கு இங்கிலீஷ் வராது. ஆகவே வண்ணம் பூசுவதோடு இருவருக்கும் நடுவே மொழிபெயர்ப்பதும் என் வேலையாயிற்று. வினை அங்கேதான் தொடங்கியது!

சயாவிடம் ஒரு நீலக் கண்ணாடித் துண்டு இருந்தது. எந்த வண்ணத்தையும் அதன் வழியாகப் பார்த்த பிறகே ஒப்புக்கொள்வார். நம் கண்ணுக்கு அழகான சிவப்பு, கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் கன்னங்கரேலென்று விழும். வெளிர்நீலம் வெண்மையாய் ஒளிரும். படச்சுருள் காணப்போவதை அந்தக் கண்ணாடி முன்கூட்டியே காட்டிவிடும்.

எங்கள் மூன்றாவது படத்தில் வரும் பாம்பரசன் நாகராஜனின் ஆற்றடி அரண்மனையை அவர் சாம்பலும் வெளிர்நீலமுமாகத் தீட்டச் சொன்னார். தீட்டி முடிந்த வாரம் மலேரியா வந்து ஆஸ்பத்திரியில் படுத்தார். அப்போது முதலாளி கொட்டகைக்கு வந்தார்.

"இது நாகராஜா அரண்மனையா, சுண்ணாம்புக் காளவாயா? சிவப்பும் தங்கமுமா மாத்தினா என்னன்னு சயாவைக் கேட்டுட்டு வா. அவர் வேண்டாம்னா வேண்டாம்."

ஆஸ்பத்திரிக்குப் போனேன். ஆரஞ்சு உரித்துக் கொடுத்தேன். நடுங்கிக்கொண்டே, "கொட்டகையில் எல்லாம் சரிதானே?" என்று கேட்டார். "சரிதான், சயா" என்றேன். கேட்க வேண்டிய கேள்வி நாவின் நுனியில் இருந்தது… கேட்கவில்லை. திரும்பி வந்து முதலாளியிடம், "சயா சம்மதிச்சுட்டார்" என்றேன்.

ஏன்? நானும் இத்தனை காலமாக என்னையே கேட்கிறேன். முந்திய இரண்டு படங்களிலும் திரையில் அவர் பெயர் வந்தது. பூசிய கை என்னுடையது. பொறாமை! வேறு சொல் தேடிப் பார்த்தேன், கிடைக்கவில்லை.

முதல் தூணுக்குச் சிவப்புப் பூசியதும், மேசைமேல் கிடந்த கண்ணாடியை எடுத்துப் பார்த்தேன். கரி! கண்ணாடியை இருந்த இடத்திலேயே வைத்துவிட்டு இரண்டாம் தூணுக்குப் போனேன்.

படம் பிடிக்கும் முத்தையா அண்ணன் பதறினார். "ஏம்ப்பா, சிவப்புன்னா கரியால்ல விழும்? சயாகிட்ட கேட்டியா?"

"கேட்டேண்ணே. வெளிச்சம் வெச்சுச் சமாளிச்சுக்கலாம்னாரு."

அவர் நம்பிவிட்டார். எல்லோரும் என்னை நம்பினார்கள்…

சயா எழுந்து வருவதற்குள் படப்பிடிப்பு முடிந்தது. திரையிட்டுப் பார்த்த நாளில் அரண்மனையைக் காணவில்லை. ஒரு கரிய பொந்துக்குள் நாகராஜனின் முகம் மட்டும் மிதந்தது.

"இதுக்கு ஏன் சம்மதிச்சார்னு கேள்!" என்று முதலாளி கத்தினார்.

நான் சயாவிடம், "அரண்மனை ஏன் கறுப்பாயிருக்கிறது என்று கேட்கிறார்" என்றேன்.

"சிவப்புப் பூசியிருக்கிறார்கள். என்னைக் கேட்காமல் யார் மாற்றியது?" என்றார் சயா.

நான் முதலாளியின் பக்கம் திரும்பினேன். "தப்பு நடந்துபோச்சு, மன்னிக்கணும்ங்கிறார்" என்றேன்.

அன்றே அவருடைய வேலை போயிற்று. அவரைச் சேர்க்க வேண்டாமென்று கல்கத்தாக் கம்பெனிகளுக்குப் போன கடிதத்தின் இங்கிலீஷும் என்னுடையதே! அவர் அப்புறம் எங்கேயாவது ஒரு குகையாவது கட்டினாரா? எனக்குத் தெரியாது.

அவர் கப்பலேறும் நாளில் ஜெட்டிக்குப் போனேன். போகாமலிருக்கத் தைரியமில்லை. அவர் என்னைத் தனியே அழைத்தார்.

"அந்தச் சிவப்பு உன் கைதானே, அந்தோணி? பூசிய விதத்திலேயே தெரிந்தது. முதலாளி அவசரப்படுத்தியிருப்பார். கண்ணாடியில் பார்க்க மறந்துவிட்டாய், அப்படித்தானே?"

இப்போதாவது சொல்லடா, பாவி! சொன்னேனா? ஆமென்று தலையை மட்டும் ஆட்டினேன்.

"பிராகில் எனக்கும் ஒரு தடவை அப்படி நடந்தது" என்று சிரித்தார். பையிலிருந்து நீலக் கண்ணாடியை எடுத்து என் உள்ளங்கையில் வைத்து, விரல்களை மூடிவிட்டார். "இனி மறக்காதே."

மறந்ததை மன்னித்துவிட்டுப் போனார். ஐயோ, நான் மறக்கவேயில்லையே! பார்த்துவிட்டல்லவா பூசினேன்!

இப்போது திரையில் என் பெயர் வருகிறது. அந்தக் கண்ணாடி இல்லாமல் என் தொழில் ஒரு நாளும் நடக்காது. ஒவ்வொரு சுவருக்கும் முன்னால் நின்று அதைக் கண்ணருகே தூக்கித்தான் ஆகவேண்டும். இன்று காலையிலும் தூக்கினேன்…