மாதேஸ்வரன் முன்கூட்டிக் கட்டிய டியூ

வெண்ணந்தூர் மாதேஸ்வரன் நல்ல லாரிக்காரன் என்பது ஊருக்கே தெரியும். ஆனால் அவன் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டது லாரி ஓட்டுவதற்காக அல்ல. கடன் வாங்கி அடைக்கத் தெரிந்தவன் என்பதுதான் அவனுக்குப் பெருமை. இரண்டு லாரிகளை ஃபைனான்ஸில் எடுத்து, இரண்டையும் சொன்ன மாதத்துக்கு முன்பே அடைத்தவன். டீக்கடையில் யாராவது கடன் என்று வாயெடுத்தால் போதும், கிளாஸைக் கீழே வைத்துவிட்டு ஆரம்பித்துவிடுவான்.

"கடன் வாங்காம எவன் முன்னுக்கு வந்தான்? வாங்கலாம், தப்பில்ல. சீசன்ல ரெண்டு டியூ சேத்திக் கட்டிப்போடோணும். அவ்வளவுதான் சூட்சுமம்."

அந்தச் சூட்சுமம் லாரிக்காரர்கள் எல்லாருக்கும் உள்ள பழக்கம்தான். வடக்கே நவராத்திரி விரதம் வந்தால் சேலத்து ஜவ்வரிசிக்கு ஏகப்பட்ட கிராக்கி. இந்தூருக்கும் நாக்பூருக்கும் மூட்டை மூட்டையாகப் போகும். திரும்பும்போது நாசிக்கில் வெங்காயம் ஏற்றிக்கொண்டு வரலாம். கையில் நாலு காசு நிற்கும். அப்போதே ஃபைனான்ஸ் ஆபீசுக்குப் போய் இரண்டு மூன்று டியூவை முன்கூட்டிக் கட்டிவிட்டால், ஐப்பசி மழையில் லோடு இல்லாமல் கிடக்கும்போது யாரும் கதவைத் தட்ட மாட்டார்கள். கட்டின டியூ கணக்கில் ஏறிவிடும், மிச்சம் இத்தனை என்று விரல் விட்டுச் சொல்லிவிடலாம்.

நாற்பத்தோரு வயதில் வீடு கட்ட இருபது லட்சம் வங்கிக் கடன் வாங்கியபோதும் மாதேஸ்வரன் இதே வழியைத்தான் பிடித்தான். இருபது வருஷம், மாதம் பதினைந்தாயிரத்து ஐந்நூறு, மொத்தம் இருநூற்று நாற்பது டியூ. கடனுக்காக ராசிபுரத்து வங்கியில் ஒரு கணக்குத் திறந்தான். மாதாமாதம் வங்கியே அதிலிருந்து டியூவை எடுத்துக்கொள்ளும். நல்ல லோடு கிடைத்த போதெல்லாம் அதே கணக்கில் இரண்டு டியூ, மூன்று டியூ என்று கூடுதலாகப் போட்டான். பாஸ்புக்கை சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்ததோடு சரி, பிறகு அதைத் தொடவில்லை. வங்கியிலிருந்து செய்தி வந்துகொண்டிருந்த போன் நாக்பூர் டோல்கேட்டில் தொலைந்தது. புது நம்பரை வங்கிக்குச் சொல்ல வேண்டும் என்று அவனுக்குத் தோன்றவே இல்லை. கட்டுகிறவன் கட்டிக்கொண்டிருக்கும்போது வங்கியிடம் என்ன பேச்சு?

இத்தனை அவசரமும் ஒரே ஒரு காரியத்துக்காகத்தான். ஐம்பத்தாறு வயதில் வீட்டுக் கடனை முடித்துவிட்டு லாரியை விட்டு இறங்கிவிட வேண்டும். ஆசை ஆசையாகக் கட்டிய வீட்டில் அவன் மாதத்துக்கு ஆறு நாள் இருந்தால் அதிகம். சுவரில் எந்த சுவிட்ச் எந்த விளக்குக்கு என்பதே அவனுக்கு இன்னும் பிடிபடவில்லை. ஃபேனைப் போடப்போய் வாசல் விளக்கைப் போடுவான். அனிதா சிரிப்பாள். "விருந்தாளிக்கு என்ன தெரியும், உக்காருங்க, நான் போடறேன்" என்பாள். அவள் சிரித்துக்கொண்டேதான் சொல்வாள். ஆனாலும் அது அவனைக் குத்தும்.

வீட்டுக்கடன் வாங்கி நாலரை வருஷம் ஆன சமயத்தில், அனிதாவின் தம்பி பச்சமுத்து வீடு கட்டக் கிளம்பினான். நாலு தறி வைத்துப் பிழைக்கிறவன். இருபத்தைந்து வருஷக் கடனாக வாங்கினால் டியூ கொஞ்சமாக வரும் என்று யாரோ சொல்லிக் கொடுத்திருந்தார்கள். வங்கிக்குத் தனியாகப் போகப் பயந்து மச்சானைக் கூப்பிட்டான். மாதேஸ்வரனுக்கு வேறென்ன வேண்டும்? வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டான். நான் பேசுவதை நீயும் வந்து பார் என்று அனிதாவையும் அழைத்துக்கொண்டான்.

கடன் பிரிவில் ஜெஸ்ஸி என்ற பெண் இருந்தாள். சேலத்திலிருந்து தினமும் பஸ்ஸில் வருகிறவள். பொறுமைசாலி. பச்சமுத்துவின் காகிதங்களை அவள் புரட்டிக்கொண்டிருக்கும்போதே மாதேஸ்வரன் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டான்.

"நாங்களும் இங்க கடன் வாங்கினவங்கதானுங்க. முன்கூட்டியே கட்டிட்டு வாரேன். என்ற கணக்குல இன்னும் எத்தன டியூ பாக்கின்னு சொல்லிப்போடுங்க, மாப்ள கேட்டுக்கட்டும். நூத்தி அறுவத்தாறு இருக்கோணும்."

ஜெஸ்ஸி கணக்கு எண்ணைத் தட்டிப் பார்த்தாள். இன்னொரு முறையும் தட்டிப் பார்த்தாள்.

"இருநூத்தி எண்பத்தி மூணு காட்டுதுங்கண்ணா."

மாதேஸ்வரன் சிரித்தான். "அது வேற மாதேஸ்வரனா இருக்குமுங்க. நம்மூர்ல நாலு பேர் இருக்கறாங்க."

அப்பா பேர், வீட்டு மனை, ஆதார் என்று எல்லாவற்றையும் ஜெஸ்ஸி படித்தாள். வேறு மாதேஸ்வரன் யாரும் இல்லை, இவனேதான். வாங்கியதே இருநூற்று நாற்பது. நாலரை வருஷம் விடாமல் கட்டிய பிறகு இருநூற்று எண்பத்து மூன்று பாக்கி. பச்சமுத்து மச்சானைப் பார்த்தான், பிறகு மரியாதையாகத் தரையைப் பார்த்தான்.

"கட்டக் கட்டக் கொறையுமா, ஏறுமா?" என்று அனிதாதான் கேட்டாள்.

ஜெஸ்ஸி ஒரு வெள்ளைத் தாளை எடுத்து வைத்து நிதானமாகச் சொன்னாள். மாதேஸ்வரன் வாங்கியபோது வட்டி ஏழு சதவீதம். அது நிலையான வட்டி அல்ல, ஏறும் இறங்கும். அப்போதே பதினைந்தாயிரத்து ஐந்நூறில் ஏறக்குறைய பன்னிரண்டாயிரம் வட்டிக்குத்தான் போனது. இரண்டு வருஷம் கழித்து வட்டி ஒன்பதை நெருங்கியது. டியூவை ஏற்றினால் கட்டுகிறவர்கள் தடுமாறுவார்கள் என்று வங்கி டியூவை அப்படியே விட்டுவிட்டு மாதங்களை நீட்டிவிட்டது. அதிலிருந்து பதினாலாயிரம் வட்டிக்கே சரியாகப் போய், அசலுக்கு ஆயிரத்துச் சொச்சம்தான் மிஞ்சியது. இதுவரை எட்டு லட்சத்துக்கு மேல் கட்டியும் அசலில் குறைந்தது ஒன்றரை லட்சம்கூட இல்லை.

"இப்படியே போனா இருபது லட்சத்துக்கு மொத்தம் அம்பத்திரண்டு லட்சம் கட்டுவீங்கண்ணா. முடியறப்ப உங்களுக்கு அறுபத்தொன்பது வயசு."

மாதேஸ்வரனுக்கு லாரிதான் ஞாபகம் வந்தது. தொப்பூர் மேட்டில் முழு லோடோடு முதல் கியரில் ஏறுகிற மாதிரி, டீசல் எரிகிறது, வண்டி நகரவில்லை. ஐம்பத்திரண்டு லட்சம் என்ற எண்ணைக்கூட அவன் தாங்கிக்கொண்டான். அறுபத்தொன்பது என்றதைத்தான் தாங்க முடியவில்லை. அந்த வயதில் லாரிப் படியில் கால் வைத்து ஏறுகிற தன்னை அவன் நினைத்துப் பார்த்தான். பயமாக இருந்தது. எல்லார் எதிரிலும் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டது அதைவிட வெட்கமாக இருந்தது.

"இருங்க" என்றாள் அனிதா. "இவரு முன்கூட்டியே கட்டுன டியூ இருக்குதில்லீங்க? ஒண்ணா ரெண்டா, இருவது டியூ. புள்ளைக்குப் புது சைக்கிள்கூட வாங்காம கட்டினது. அந்தக் காசு எங்க போச்சு?"

"எங்கயும் போகலீங்கக்கா. இங்கதான் இருக்கு" என்று ஜெஸ்ஸி திரையைத் திருப்பிக் காட்டினாள்.

மாதேஸ்வரன் போட்ட பணம் முழுவதும் சேமிப்புக் கணக்கில் அப்படியே உட்கார்ந்திருந்தது. மூன்று லட்சத்துப் பத்தாயிரம். மாதம் பிறந்தால் வங்கி அதிலிருந்து ஒரே ஒரு டியூவை எடுக்கும், மற்றதைத் தொடாது. லாரி ஃபைனான்ஸில் கவுண்டரில் பணம் நீட்டினால் அது டியூவாகத்தான் ஏறும். இங்கே அசலில் கழித்துக்கொள்ளச் சொல்லி எழுதிக் கொடுத்தால்தான் கடனில் ஏறும். சொல்லாத வரைக்கும் அது அவன் பணம், அவன் பெயரில், சும்மா.

அனிதாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டாள். அடக்க முடியவில்லை.

"டீக்கடையில பாடம் எடுக்கறீங்களே, அவங்களுக்கெல்லாம் இத எப்பச் சொல்றதா இருக்கறீங்க?"

"சும்மா இரு, சாமி" என்றான் மாதேஸ்வரன். அவனுக்கும் சிரிப்பு எட்டிப் பார்த்தது. மூன்று லட்சம் கெட்டுப் போகவில்லை என்பதே பெரிய ஆறுதல்.

ஆறுதல் வந்ததும் ஆசையும் வந்தது. லாரிக்குப் பின் டயர் நாலும் மாற்ற வேண்டியிருந்தது. மாடியில் ஒரு ரூம் எடுத்துவிடலாம் மச்சான், வாடகைக்கு விடலாம் என்று பச்சமுத்து மெதுவாகக் காதில் போட்டான். கைக்கு வந்த பணத்தைத் திரும்ப வங்கியிடமே கொடுப்பதற்கு மாதேஸ்வரனுக்கு மனம் வரவில்லை. பதினெட்டு லட்சத்துக்கு மேல் அசல் நிற்கும்போது மூன்று லட்சம் என்ன பெரிதாகக் குறைத்துவிடப் போகிறது?

"கட்டுனா எத்தன மாசம் கொறையுமுங்க?" என்று கேட்டு வைத்தான். பத்து இருபது என்று சொல்வாள், டயரை மாற்றிவிடலாம் என்று நினைத்துத்தான் கேட்டான். பணத்தை டியூவால் வகுத்தால் அவ்வளவுதானே வரும்.

ஒரு டியூவுக்கான பணத்தைக் கணக்கிலேயே விட்டுவிட்டு மற்றதைக் கழித்தால் என்ன ஆகும் என்று ஜெஸ்ஸி போட்டுப் பார்த்தாள்.

"பாக்கி நூத்தி எண்பத்திரண்டு ஆகுது. நூத்தியொரு மாசம் குறையுது. அப்பப்பவே அசல்ல கட்டியிருந்தா இன்னும் குறைஞ்சிருக்கும்."

மாதேஸ்வரன் நம்பவில்லை. பத்தொன்பது டியூ கட்டினால் நூற்றியொரு டியூ எப்படிப் போகும்? ஃபைனான்ஸ்காரன் யாரும் இப்படிக் கொடுத்ததில்லையே என்றான். அசல் குறைந்தால் மறு மாதமே வட்டி குறையும், அந்த மிச்சம் முழுவதும் அசலுக்குப் போகும் என்று ஜெஸ்ஸி சொன்னாள். இதுவரை மாதம் இரண்டாயிரத்துக்கும் குறைவாக அசலுக்குப் போனது, இனி நாலாயிரத்துக்கு மேல் போகும். வட்டி மறுபடி ஏறினால் கணக்கு கொஞ்சம் மாறும், அதனால் வருஷத்துக்கு ஒருமுறையாவது வந்து பாருங்கள் என்றும் சொன்னாள்.

அவன் மாதங்களை வருஷமாக்கிப் பார்த்தான். எட்டு வருஷத்துக்கு மேல் வந்தது. அறுபத்தொன்பது அறுபதாக இறங்கியது. பழைய டயருக்கே ரீட்ரெட் போட்டு ஓட்டிக்கொள்ளலாம். மாடி ரூமுக்கு இப்போது என்ன அவசரம்? கீழே இருக்கிற ரூமிலேயே அவன் இன்னும் சரியாகப் படுத்து எழுந்ததில்லை.

"எங்க கையெழுத்துப் போடோணும்?" என்றான். புது போன் நம்பரையும் எழுதிக் கொடுத்தான்.

பச்சமுத்து இருபத்தைந்து வருஷப் பேச்சை அதற்குப் பிறகு எடுக்கவில்லை. பதினைந்து வருஷத்துக்கே போட்டால் டியூ எவ்வளவு வரும், கூடுதலாகக் கட்டினால் எந்தக் காகிதத்தில் எழுதித் தர வேண்டும் என்று ஜெஸ்ஸியைத் துளைத்து எடுத்துவிட்டான். வெளியே வந்ததும் மச்சானுக்கு டீயும் வடையும் வாங்கிக் கொடுத்தான். அன்றைக்கு மாதேஸ்வரன் டீயைக் குடித்துவிட்டுப் பேசாமல் எழுந்து வந்தான். டீக்கடையில் அப்படி ஒரு காரியம் அதற்கு முன் நடந்ததில்லை.

அடுத்த வாரம் காலையில் ஒரு போன் வந்தது. புக்கிங் ஆபீஸ் அன்பரசு. இந்தூருக்கு ஜவ்வரிசி, நவராத்திரிக்கு முந்திப் போய்ச் சேர வேண்டும், வாடகை நல்ல வாடகை, ஆனால் அன்றைக்கே வண்டியை ஆலைக்கு விட வேண்டும் என்றான். இடையில் பக்கத்து லோடு ஒன்று போய்விட்டு மாதேஸ்வரன் வீட்டுக்கு வந்து இரண்டு நாள்கூட ஆகவில்லை. போன் சத்தம் கேட்டாலே அனிதாவுக்கு முகம் சுருங்கிவிடும். அன்றும் அடுப்படியிலிருந்து பாத்திரம் வைக்கிற சத்தம் சற்று ஓங்கித்தான் கேட்டது.

டீசல், டோல், கூட வரும் டிரைவர் ஆண்டிக்குப் படி, ஏற்றுக்கூலி எல்லாம் போக எவ்வளவு நிற்கும் என்று மாதேஸ்வரன் மனக்கணக்குப் போட்டான். போய்த் திரும்பினால் இருபத்திரண்டாயிரம் நிற்கும். சட்டென்று ஒன்று தோன்ற, ஜெஸ்ஸிக்குப் போன் போட்டான்.

"இருவத்திரண்டாயிரத்த அசல்ல கட்டுனா எவ்வளவு கொறையுமுங்க?"

அவள் பார்த்துச் சொன்னாள். மாதேஸ்வரன் போனை வைத்துவிட்டு அடுப்படி வாசலில் வந்து நின்றான்.

"அனிதா, இந்த ட்ரிப்புக்கு அஞ்சு மாசம்."

"என்ன அஞ்சு மாசம்? அஞ்சு மாசம் கழிச்சா வருவீங்க?"

"பன்னண்டு நாள்ல வந்துருவேன். வந்து அந்தக் காசக் கட்டுனா கடன்ல அஞ்சு மாசம் போயிருது. அஞ்சு மாசம் முன்னாடியே நான் ஊட்டோட வந்துருவேன். வருசத்துக்கு மூணு நாலு ட்ரிப்பு இப்படிக் கட்டுனா அம்பத்தாறுக்கே எறங்கிறலாம்."

அனிதா கையில் கரண்டியோடு நின்றாள். இத்தனை வருஷமாக ஒவ்வொரு ட்ரிப்பும் அவனை அவளிடமிருந்து எடுத்துக்கொண்டுதான் போயிருக்கிறது. எடுத்ததைத் திருப்பித் தரும் என்று யாரும் அவளிடம் சொன்னதில்லை. அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. அவன் பார்த்துவிடக் கூடாதென்று அடுப்பைச் சின்னதாக்குவது போலக் குனிந்துகொண்டாள். அவன் பார்த்துவிட்டான்.

பிறகு அவள் கரண்டியை வைத்துவிட்டு உள்ளே போனாள். அவனுடைய பையை எடுத்து, நாலு செட் துணியை மடித்து வைத்து, வாசலில் கொண்டுவந்து வைத்தாள்.

"இன்னும் என்ன நின்னுட்டு இருக்கறீங்க? நேரத்துல கெளம்புங்க."

கல்யாணமாகிப் பதினெட்டு வருஷத்தில், கிளம்புங்கள் என்று அனிதா அவனிடம் சொன்னது அதுதான் முதல் தடவை.